பிரிஞ்சாங் மலையும் பனி மூடிய படங்களும்



சில மாதங்களுக்கு முன்பு நான்காம் ஆண்டு மாணவர்களுக்கு ஓவியப் பாடம் நடத்த நேர்ந்தது. ஓவியம் என் பாடமன்று. விடுப்பில் சென்றிருந்த ஆசிரியைக்கு மாற்றாக அவ்வகுப்பில் நுழைந்தேன். என்ன வரையச் சொல்வது என்று தெரியாமல், 'எங்கள் ஊர் மலை' என்று பலகையில் எழுதிவிட்டு நாற்காலியில் அமர்ந்துகொண்டேன். பாட நேரம் முடிந்து தாள்களைத் திரட்டிப் பார்த்தபோது, பதினேழு தாள்களில் பன்னிரண்டில் மலையுச்சி வெள்ளையாக இருந்தது. இரண்டு முக்கோணங்கள், நடுவே ஒரு சூரியன், முக்கோணங்களின் முனையில் வழிந்தோடும் வெண்பனி. ஒரு படத்தில் சிறிய மரவீடும் புகைபோக்கியும்கூட இருந்தன.

அப்படத்தை வரைந்த மாணவனை அழைத்து, "நம் ஊர் மலை உச்சியில் எங்கே தம்பி வெள்ளை இருக்கிறது?" என்று கேட்டேன்.

"பனி ஐயா."

"நம் ஊரில் பனி பெய்கிறதா?"

"தினமும் பெய்யுதே ஐயா. காலையில பள்ளிக்கு வரும்போது முன்னால போற வண்டிகூடத் தெரியாதே!"

அவன் சொன்னதில் பிழையில்லை. நம் மொழி வெயில் நிலத்தில் வளர்ந்த மொழி. மார்கழிப் புல்லின் மேல் நிற்கும் துளியும் பனி, பிரிஞ்சாங் சாலையை மறைக்கும் வெண்புகையும் பனி, ஆல்ப்ஸ் மலையில் ஆள் உயரத்திற்குக் கொட்டுவதும் பனி. மூடுபனி, உறைபனி என்று பிரித்துச் சொல்லலாம்தான். பேச்சில் யார் பிரிக்கிறார்கள்? அச்சிறுவன் ஒரு சொல்லின் இரண்டு பொருள்களையும் ஒரே மலையில் ஏற்றிவிட்டான். சொல் நம்முடையது, படம் மட்டும் சாக்லேட் பெட்டியின் மூடியிலிருந்து வந்தது.

பிறகு வகுப்பு முழுவதையும் பார்த்து, பள்ளிக்குப் பின்னால் நிற்கும் மலைக்கு என்ன பெயர் என்று கேட்டேன். எவரெஸ்டு என்றது ஒரு குரல். அதைக் கேட்டு மற்றவர்கள் சிரித்தார்கள், ஆனால் சரியான பெயரைச் சொல்லவில்லை. கடைசி வரிசையிலிருந்து ஒரு பெண், "டவர் மலை ஐயா" என்றாள். உச்சியில் தொலைத்தொடர்புக் கோபுரங்கள் நிற்பதால் அப்பெயர். அவள் குடும்பத்தில் அப்படித்தான் சொல்வார்களாம்.

அன்று தொடங்கிய தேடலின் விளைவே இக்கட்டுரை.

ஒப்பீட்டிலிருந்து தொடங்குகிறேன், ஏனெனில் மாணவர்களை முதலில் நிமிர்ந்து உட்காரச் செய்தது அதுதான். ஐரோப்பா என்றாலே வானளாவிய மலைகள் என்ற எண்ணம் நம்மிடம் இருக்கிறது. ஹங்கேரி நாட்டின் மிக உயர்ந்த மலையான கேக்கெஷ் 1,014 மீட்டர். பிரிஞ்சாங் பட்டணமோ கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அதாவது, ஹங்கேரியின் உச்சியில் ஏறி நின்று பெருமூச்சு விடுபவரைவிட அரை கிலோமீட்டர் உயரத்தில் அமர்ந்து நம் பிள்ளைகள் வாய்ப்பாடு சொல்கிறார்கள். செக் நாட்டின் மிக உயர்ந்த சிகரமான ஸ்னேஷ்கா 1,603 மீட்டர்; நம் சந்தைக் கடைகளிலிருந்து நூறு மீட்டர் அளவே உயர்ந்தது. பிரிஞ்சாங் மலையின் உச்சியோ 2,031 மீட்டர். அதற்கு அருகிலுள்ள ஈராவ் மலை 2,110 மீட்டர்.

அப்படியானால் ஸ்னேஷ்காவில் ஆண்டின் பல மாதங்கள் உறைபனி இருக்க, அதைவிட நானூறு மீட்டர் உயர்ந்த நம் மலையில் ஏன் இல்லை? இக்கேள்வியை மாணவர்களே கேட்டார்கள். ஆயிரம் மீட்டர் ஏறினால் வெப்பம் ஆறு, ஆறரை பாகை குறையும். ஆனால் எங்கிருந்து ஏறத் தொடங்குகிறோம் என்பது முக்கியம். நாம் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே நான்கரைப் பாகையில் இருக்கிறோம். செக் நாடு ஐம்பதாம் பாகையில் இருக்கிறது. நாம் ஏறத் தொடங்கும் தாப்பாவில் முப்பது பாகை வெயில். கேமரன் மலையில் இதுவரை பதிவான மிகக் குறைந்த வெப்பநிலை, 1978-ஆம் ஆண்டு பிப்ரவரி முதல் நாள் பதிவான 7.8 பாகை. நீர் உறைவதற்கு அதுவும் போதாது. நிலநடுக்கோட்டுப் பகுதியில் நிலையான உறைபனியைக் காண ஏறக்குறைய 5,000 மீட்டர் ஏற வேண்டும். சபாவின் கினபாலுவே 4,095 மீட்டர்தான்.

குளிர் வேறுபாட்டின் இன்னொரு விளைவும் உண்டு. செக் நாட்டு மலைகளில் 1,300 மீட்டரைத் தாண்டினால் மரங்கள் நின்றுவிடும். அதற்கு மேல் புல்லும் பாறையும்தான். நம் மலையில் உச்சிவரை காடு. ஆனால் அது கீழே உள்ள காடு அன்று. மரங்கள் குட்டையாகி, கிளைகள் முறுகி, ஒவ்வொரு தண்டின் மேலும் பாசி கம்பளிபோல் போர்த்தியிருக்கும். மரக்கிளைகளில் ஆர்க்கிட் மலர்களும், பூச்சியைப் பிடித்துண்ணும் குடுவைச் செடிகளும் தொங்கும். மழை பெய்யாத நாளிலும் அக்காட்டில் நீர் சொட்டும். மூடுபனியையே பாசி பிழிந்து குடிக்கிறது. அச்சிறுவன் வரைந்த வெண்பனி ஒரு வகையில் உண்மையாயிற்று. அந்தப் பனி இல்லையேல் அந்தக் காடு இல்லை.

வயதிலும் நாம் இளையவர்கள் அல்லர். பேராக்கையும் பகாங்கையும் பிரிக்கும் தித்திவங்சா மலைத்தொடரின் கருங்கல், ஏறக்குறைய இருபது கோடி ஆண்டுகளுக்கு முன் நிலத்தின் அடியில் உருகி இறுகியது. ஆல்ப்ஸ் மலை எழும்பியது கடந்த சில கோடி ஆண்டுகளில்தான். மழையும் வெயிலும் நம் மலைகளை நீண்ட காலம் தேய்த்துவிட்டன. ஆகவே கூரிய முனைகள் இல்லை. பாட்டியின் முதுகுபோல் வளைந்த முகடுகள்தான். முக்கோணம் வரைந்தால் அது நம் மலையாகாது.

சரி, இம்மலைகளை அளந்தவர் யார்? பெயரிட்டவர் யார்?

இவ்விடத்தில் சென்னைக்கு ஒரு முறை போய்வர வேண்டியிருக்கிறது. உலகின் மிகப் பெரிய நில அளவைகளுள் ஒன்று தமிழ் மண்ணில் தொடங்கியது. 1802-ஆம் ஆண்டு ஏப்ரல் 10-ஆம் நாள், வில்லியம் லாம்ப்டன் என்ற படை அதிகாரி சென்னைப் பரங்கிமலைப் பகுதியில் சங்கிலி கொண்டு ஏழரை மைல் நீளமுள்ள அடிக்கோடு ஒன்றை அளக்கத் தொடங்கினார். ஒரு கோட்டின் நீளம் துல்லியமாகத் தெரிந்தால், அதன் இரு முனைகளிலிருந்தும் தொலைவிலுள்ள ஒரு குன்றைப் பார்த்துக் கோணங்களை அளந்து, அக்குன்றின் தூரத்தைக் கணக்கிடலாம். பிறகு அந்தக் குன்றே அடுத்த முக்கோணத்தின் மூலையாகும். இப்படி முக்கோணத்தின் மேல் முக்கோணமாக அடுக்கிக்கொண்டே போனால் ஒரு நாட்டையே அளந்துவிடலாம். நம் ஆறாம் ஆண்டுக் கணிதத்தில் வரும் முக்கோணம்தான்.

கோணம் அளக்கும் கருவி அரை டன் எடை. சமவெளியில் குன்று இல்லாத இடத்தில் கோபுரத்தின் மேல் ஏற்றினார்கள். 1808-இல் தஞ்சைப் பெரிய கோயிலின் விமானத்தில் அக்கருவியைக் கயிறு கட்டி ஏற்றும்போது கயிறு அறுந்து, கருவி கோபுரத்தில் மோதிச் சிதைந்தது. லாம்ப்டன் பல வாரங்கள் கூடாரத்தில் இருந்தபடியே அதைச் செப்பனிட்டார் என்று வரலாறு கூறுகிறது. கயிற்றைப் பிடித்திருந்தவர்கள் என்ன ஆனார்கள் என்பதை அவ்வரலாறு கூறவில்லை.

லாம்ப்டனுக்குப் பின் அப்பணியை ஏற்றவர் ஜார்ஜ் எவரெஸ்டு. அவர் ஓய்வு பெற்றபின், 1852-இல், அலுவலகத்தில் கணக்கிட்டுக்கொண்டிருந்த இராதாநாத் சிக்தார் என்ற வங்காளிக் கணித அறிஞர், பதினைந்தாம் எண் சிகரம் என்று குறிக்கப்பட்டிருந்த இமயச் சிகரம்தான் எல்லாவற்றிலும் உயர்ந்தது என்று கண்டறிந்தார். உயரம் 29,002 அடி என்று 1856-இல் அறிவிக்கப்பட்டது. இன்றைய அளவு 8,848.86 மீட்டர், அடிக்கணக்கில் 29,032 அடி. 170 ஆண்டுகளுக்கு முன்பு காகிதத்திலும் பென்சிலிலும் போட்ட கணக்கு முப்பது அடி மட்டுமே விலகியிருக்கிறது. ஆனால் அச்சிகரத்திற்கு 1865-இல் நிலைத்த பெயர் சிக்தாருடையது அன்று. அதைக் கணக்கிடாத, தம் பெயரை இட வேண்டாம் என்று மறுத்தும் பார்த்த எவரெஸ்டுடையது. திபெத்தியர்கள் அதற்கு முன்பே சோமோலுங்மா என்று அழைத்துவந்தார்கள்.

அதே காலத்தில் சுவிட்சர்லாந்திலும் இதே கதை நடந்தது. அந்நாட்டின் முதல் துல்லியமான நிலப்படத்தை உருவாக்கியவர் டுஃபூர் என்ற படைத்தலைவர். 1863-இல் அந்நாட்டு அரசு, 4,634 மீட்டர் உயரமுள்ள தன் மிக உயர்ந்த சிகரத்திற்கு அவர் பெயரையே சூட்டியது. அதுவரை அம்மலையடிவார மக்கள் அதை 'மிக உயர்ந்த முனை' என்று பொருள்படும் சொல்லாலேயே அழைத்தனர். எனக்கு அந்தப் பழைய பெயரே பிடித்திருக்கிறது. ஆஸ்திரியாவின் உயர்ந்த சிகரமான கிராஸ்குளோக்னரில் 1800-ஆம் ஆண்டு முதன்முதலில் ஏறிய வரலாறும் அத்தகையதே. பயணத்திற்குச் செலவு செய்தவர் ஒரு கிறித்துவ ஆயர். 60 பேருக்கு மேல் கொண்ட குழு. ஆயர் உச்சிவரை செல்லவில்லை. பனியில் படி வெட்டி முன்னே ஏறியவர்கள் உள்ளூர் உழவர்களும் தச்சர்களும்.

இனி நம் மலைக்கு வருவோம்.

1885-இல் வில்லியம் கேமரன் என்ற நிலவியலாளர், பேராக்-பகாங் எல்லைப் பகுதியை ஆராய அரசால் அனுப்பப்பட்டார். ஈப்போவுக்கு அருகிலுள்ள தஞ்சோங் ரம்புத்தானிலிருந்து புறப்பட்டு, கிந்தா ஆற்றின் மேற்பகுதி வழியாக மலைத்தொடரைக் கடந்தார். அவருடன் சென்றவர் குலோப் ரியாவ் என்ற மலாய்க்காரர். மலைகள் சூழ்ந்த, மென்மையான சரிவுகள் கொண்ட ஒரு மேட்டுநிலத்தைக் கண்டதாகக் கேமரன் அறிக்கை எழுதினார். மறு ஆண்டே சிங்கப்பூரில் இறந்துபோனார். அவர் விட்டுச்சென்ற குறிப்புகளைக் கொண்டு அந்நிலத்தை மீண்டும் கண்டுபிடிப்பது பின்வந்தவர்களுக்கு எளிதாக இல்லை. அவர் கண்ட சமநிலமும் இன்றைய தானா ராத்தாவும் ஒன்றுதானா என்ற ஐயமும் எழுந்தது. அவர் பெயர் மட்டும் ஒரு மாவட்டத்தின் மேல் அமர்ந்துவிட்டது. உடன் சென்ற குலோப் ரியாவின் பெயரில் ஒரு சிற்றோடையாவது இருக்கிறதா என்று நிலப்படத்தில் தேடிப் பார்த்தேன். என் கண்ணில் படவில்லை.

அவ்வேளையில் பேராக்கில் ஆங்கிலேய ரெசிடெண்டாக இருந்தவர் சர் ஹியூ லோ. கினபாலுவின் மிக உயர்ந்த முனை இவர் பெயரால்தான் இன்றும் வழங்குகிறது. 1851-இல் அம்மலையில் ஏறியவர். ஆனால் அந்த மிக உயர்ந்த முனையை எட்டியவர் அல்லர். அதை முதலில் எட்டியவர் 1888-இல் ஏறிய ஜான் ஒயிட்ஹெட். (பெயர் வைக்கும் கலையில் இப்படிப்பட்ட வேடிக்கைகள் நிறைய உண்டு. மாணவர்களிடம் சொன்னால் நன்றாகச் சிரிப்பார்கள், தேர்வில் வராது.) கேமரனின் செய்தி கேட்டு, மேட்டுநிலத்தை உடல்நலம் தேறும் இடமாக்க லோ விரும்பினார். காட்டுப் பாதை ஒன்று வெட்டப்பட்டதோடு அவ்வெண்ணம் நின்றது.

கேமரனுக்கு முன்பு இங்கு யாருமே இல்லை என்பதுபோல் சில சுற்றுலா ஏடுகள் எழுதுகின்றன. செமாய் மக்கள் இம்மலைகளில் தலைமுறை தலைமுறையாக வாழ்கிறார்கள். தெலோம், பெர்தாம், லெமோய் ஆறுகளின் கரைகளில் இன்றும் அவர்கள் ஊர்கள் இருக்கின்றன. வந்த அளவையாளர்கள் எல்லாம் அவர்களுடைய தடங்களில்தான் நடந்தார்கள். 'கண்டுபிடித்தார்' என்ற சொல்லை வகுப்பறையில் பயன்படுத்தும்போது நாம் சற்று நாவை அடக்கிக்கொள்வது நல்லது.

நாற்பது ஆண்டுகள் சென்றன. 1925-இல் சர் ஜார்ஜ் மேக்ஸ்வெல் என்ற மூத்த அதிகாரி மேலே வந்து பார்த்துவிட்டு, இலங்கையின் நுவரெலியாவுக்கு நிகரான மலைவாசத்தலமாக இதை ஆக்கலாம் என்று பரிந்துரைத்தார். 1926-இல் தாப்பாவிலிருந்து சாலை வெட்டும் பணி தொடங்கியது. 1931-இல் சாலை திறக்கப்பட்டது. ஏறக்குறைய அறுபது கிலோமீட்டர். செங்குத்தான சரிவு, மலேரியா, ஓயாத மழை, மண்சரிவு. இன்று அச்சாலையின் வளைவுகளில் நம் பிள்ளைகளுக்கு வாந்தி வருகிறது. அதை மண்வெட்டியும் கடப்பாரையும் கொண்டு வெட்டியவர்களை எண்ணிப் பாருங்கள்.

நுவரெலியாவின் பெயர் வந்ததால் இன்னொன்றும் வந்தது: தேயிலை. 1929-இல் ஜே. ஏ. ரசல் என்பவர், இலங்கையில் தேயிலை அனுபவம் பெற்ற ஏ. பி. மில்னுடன் சேர்ந்து போ தோட்டத்தைத் தொடங்கினார். 'போ' என்ற பெயர் தேயிலையின் தாயகமாகிய சீனத்து போஹியா மலையிலிருந்து வந்தது என்பர். ஆக, நம் தோட்டத்தின் பெயருக்குள்ளும் ஒரு மலை ஒளிந்திருக்கிறது. 1933-இல் இந்தியர் ஒருவரின் முயற்சியால் பாரத் தேயிலை நிறுவனம் தொடங்கியது. தோட்டங்களுக்கு ஆள் வேண்டும். தமிழகத்திலிருந்து கப்பலேறி வந்தவர்களும், அவர்தம் பிள்ளைகளும் மேலே ஏறினார்கள். காட்டை வெட்டினார்கள், சரிவில் குழி தோண்டினார்கள், கன்று நட்டார்கள். லயம் கட்டியதும் கோயில் கட்டினார்கள். கோயிலை அடுத்துப் பள்ளிக்கூடம் வந்தது. இம்மாவட்டத்தின் தமிழ்ப்பள்ளிகள் பலவற்றின் பெயரில் இன்றும் 'லாடாங்' என்ற சொல் இருப்பது அதனால்தான்.

இம்மலைக்காடு எப்படிப்பட்டது என்பதை உலகம் அறிந்தது ஒரு துயர நிகழ்ச்சியால். 1967 மார்ச் 26-ஆம் நாள், தாய்லாந்துப் பட்டு வணிகத்தால் புகழ்பெற்ற அமெரிக்கரான ஜிம் தாம்சன், தானா ராத்தாவுக்கு அருகில் தாம் தங்கியிருந்த பங்களாவிலிருந்து நடைக்குச் சென்றவர் திரும்பவில்லை. காவலர், படைவீரர், பூர்வக்குடியினர் என நூற்றுக்கணக்கானோர் தேடினார்கள். ஒரு சட்டைத் துணிகூடக் கிடைக்கவில்லை. இரண்டாயிரம் மீட்டர்தானே என்று இம்மலைகளைக் குறைத்து மதிப்பிடுவோர் இதை நினைவில் கொள்க. புறப்பாட நடவடிக்கைக்காக மாணவர்களைக் காட்டுத்தடத்தில் அழைத்துச் செல்லும் ஆசிரியர்கள், வழி தெரிந்த ஒருவர் இல்லாமல் செல்லவே கூடாது.

இத்தனையும் திரட்டியபின் வகுப்பில் ஒரு வேலை கொடுத்தேன். தாத்தா, பாட்டியிடம் போய், அவர்கள் வேலை செய்த சரிவுகளுக்கு என்ன பெயர் என்று கேட்டு எழுதி வாருங்கள் என்றேன். பெரிதாக எதிர்பார்க்கவில்லை. மறுவாரம் வந்த தாள்களைப் பார்த்து வியந்து போனேன். தோட்டத்து நிலப்படத்தில் ஒவ்வொரு பகுதிக்கும் எண்தான் உண்டு. தொழிலாளர்களோ ஒவ்வொரு பகுதியையும் ஒரு 'மலை' என்றே அழைத்திருக்கிறார்கள்: காத்தடி மலை, பாலத்து மலை, கல்லு மலை, முனி மரத்து மலை. ஒரு தாளில் 'அழுத மலை' என்று இருந்தது. ஏன் அப்பெயர் என்று கேட்டு வரச் சொன்னேன். அச்சரிவில் கொழுந்துக் கூடையைச் சுமந்து ஏறும்போது புதிதாக வந்த பெண்கள் எல்லாரும் ஒரு முறையாவது அழுதிருப்பார்களாம்.

எந்த நிலப்படத்திலும் இப்பெயர்கள் இல்லை. இன்று கொழுந்து பறிப்பவர்களில் பெரும்பாலோர் வெளிநாட்டிலிருந்து வந்த தொழிலாளர்கள். கையால் பறித்த காலம் போய்க் கத்தரியும் இயந்திரமும் வந்துவிட்டன. நம் குடும்பங்கள் பட்டணத்திற்கும் ஈப்போவிற்கும் கோலாலம்பூருக்கும் பெயர்ந்துவிட்டன. அப்பெயர்களைச் சொல்லத் தெரிந்தவர்கள் எழுபது, எண்பது வயதைக் கடந்தவர்கள். சென்ற ஆண்டு கேட்டிருந்தால் இன்னும் இரண்டு முதியவர்களிடம் கேட்டிருக்கலாம். அவர்களின் இறுதி ஊர்வலத்தில் நான் நடந்தேன். அப்போது எனக்கு இந்தக் கேள்வி தோன்றவில்லை.

'அழுத மலை'யை எழுதி வந்த மாணவியின் பாட்டியைப் போய்ப் பார்த்தேன். நாற்பது ஆண்டுகள் பிரிஞ்சாங் மலையின் சரிவில் கொழுந்து எடுத்தவர். உச்சிக்குப் போயிருக்கிறீர்களா என்று கேட்டேன்.

"மேல எதுக்கு வாத்தியாரே போகணும்? கொழுந்து அங்க இல்லியே" என்றார்.

பெற்றோர் ஆசிரியர் சங்கத்தினர் துணையுடன் ஒரு சனிக்கிழமை காலை இரண்டு வேன்களில் புறப்பட்டோம். பாட்டியையும் வற்புறுத்தி அழைத்துக்கொண்டோம். தேயிலைச் சரிவுகளின் ஊடே வளைந்து ஏறும் அக்குறுகிய தார்ச்சாலை, தீபகற்ப மலேசியாவில் வண்டியில் ஏறக்கூடிய மிக உயரமான சாலை. வழியெல்லாம் பாட்டி சன்னலுக்கு வெளியே கைகாட்டிக்கொண்டே வந்தார். இது இன்னார் நிரை, இந்த வளைவில்தான் எடை போடுவார்கள், அந்த மரத்தடியில் குழந்தையைத் தொட்டிலில் போடுவோம் என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். மாணவர்கள் எழுதிக்கொண்டார்கள். நான் தயாரித்து வந்திருந்த உரையை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.

பாசிக்காட்டில் மண்ணில் கால் வைக்காமல் நடக்க மரப்பாலம் அமைத்திருக்கிறார்கள். முன்பு கட்டுப்பாடின்றி மக்கள் மிதித்ததில் பாசி அழிந்து, அப்பகுதி மூடப்பட்டதும் உண்டு. மலையின் மேற்பகுதியைக் காப்பது அழகுக்காக மட்டுமன்று. 2013 அக்டோபர் 23 அன்று அடைமழையில் ரிங்லெட் ஏரி நிரம்பி, சுல்தான் அபு பாக்கார் அணையின் நீர் திறந்துவிடப்பட, பெர்தாம் பள்ளத்தாக்கில் உயிர்கள் பலியாயின. மறு ஆண்டு நவம்பரில் மீண்டும் சேற்று வெள்ளம். மேலே சரிவுகள் வெட்டப்பட்டு, மண் ஆற்றில் இறங்கி, ஏரியின் அடியில் வண்டல் படிந்துகொண்டே இருப்பது இதற்கெல்லாம் ஒரு முக்கியக் காரணம். எங்களுடன் வந்த பெற்றோர் சிலர் காய்கறித் தோட்டம் வைத்திருப்பவர்கள். இதைச் சொன்னபோது அவர்கள் முகம் சுருங்கியது. பிழைப்பு அது, நான் மேற்கொண்டு பேசவில்லை.

உச்சியில் மூடுபனி. ஐந்தடி தூரத்தில் நிற்பவரும் தெரியவில்லை. நல்ல நாளில் பேராக் பக்கம் தாழ்நிலம்வரை தெரியும் என்று சொல்லியிருந்தேன். மாணவர்கள் என்னைக் குற்றவாளியைப்போல் பார்த்தார்கள். ஆகவே அங்கேயே உட்கார்ந்து ஒரு கதை சொன்னேன். 1997-ஆம் ஆண்டு மே 23-ஆம் நாள் எவரெஸ்டு உச்சியில் முதன்முதலில் மலேசியக் கொடியை நாட்டிய இருவர் யார் தெரியுமா என்று கேட்டேன். ஒருவர் முனிசாமியின் மகன் மகேந்திரன். மற்றவர் நாகப்பனின் மகன் மோகனதாஸ். பரங்கிமலையில் தொடங்கிய முக்கோணங்கள் எந்தச் சிகரத்தை உலகிலேயே உயர்ந்தது என்று காட்டினவோ, அதே சிகரம். பதினேழு பேரில் ஒருவருக்கும் அப்பெயர்கள் தெரிந்திருக்கவில்லை. பெற்றோரில் இருவருக்குத் தெரிந்திருந்தது.

பாட்டி அதற்குள் சற்றுத் தள்ளிப்போய், காற்று வரும் பக்கம் முகத்தைத் திருப்பி நின்றுகொண்டிருந்தார். அருகில் சென்றேன்.

"இந்தப் பக்கம் நேரா கீழதான் வாத்தியாரே அழுத மலை" என்று பனிக்குள் கையை நீட்டினார். ஒன்றும் தெரியவில்லை. கருவியில் திசையைப் பார்த்துக் குறித்துக்கொண்டேன். வீடு திரும்பி நிலப்படத்தை விரித்துப் பார்த்தபோது, அத்திசையில் அவர் வேலை செய்த சரிவு சரியாகவே இருந்தது.

இதுவரை முப்பத்தொரு பெயர்கள் சேர்ந்திருக்கின்றன. பெரிய வெள்ளை அட்டையில் நிலப்படம் வரைந்து, அவற்றைக் குறித்து, வகுப்பின் பின்சுவரில் ஒட்டியிருக்கிறோம். குனோங் பிரிஞ்சாங் 2,031 மீட்டர் என்பதற்கு அருகிலேயே, அடைப்புக்குறிக்குள் 'டவர் மலை' என்று அப்பெண் எழுதியிருக்கிறாள். ரிங்லெட், கம்போங் ராஜா, கோல தெர்லா பக்கமுள்ள ஆசிரியர்கள் தங்கள் பகுதிப் பெயர்களைத் திரட்டினால் இன்னும் பல சேரும். பெற்றோர்களே, வீட்டில் மூத்தவர்கள் இருந்தால் இந்த வாரமே கேட்டுவிடுங்கள். பெயரோடு, ஏன் அப்பெயர் வந்தது என்பதையும் ஒரு வரி எழுதி, பிள்ளையிடம் கொடுத்தனுப்பினால் போதும்.